மூலமும் இரண்டு நகல்களும்

ஆறுமுகநயினாருக்கு வயிறு மூன்று.

முதலாவது அவரிடமே இருந்தது. சட்டைப் பொத்தானோடு தினமும் தகராறு செய்துகொண்டு, பசித்தால் கத்தி, தின்றால் புளித்து, ஊரில் எல்லோர் வயிற்றையும் போல ஒரு வயிறு. இரண்டாவது, தூத்துக்குடித் துறைமுகத்தின் உணவுச் சோதனைச்சாலையில், கண்ணாடித் தொட்டிக்குள் வெதுவெதுப்பான நீரில் மிதந்துகொண்டிருந்தது. மூன்றாவது சென்னையில். அதை அவர் பார்த்ததே இல்லை. “பட்டணத்துல செட்டில் ஆயிட்டு. நம்மள எங்க மதிக்கப்போகுது” என்பார்.

கப்பலில் வந்திறங்கும் எந்தத் தின்பண்டமும் இந்த இரண்டு வயிறுகளில் ஒன்றைத் தாண்டித்தான் நாட்டுக்குள் நுழைய முடியும். வயிறு ஏற்றுக்கொண்டால் சரக்குக்கு வழி. குமட்டித் தள்ளினால், வந்த கப்பலிலேயே திரும்ப வேண்டும். இல்லையென்றால் குழி வெட்டிப் புதைக்க வேண்டும். அப்படி ஒரு சட்டம் வந்து சில வருடங்கள் ஆகியிருந்தன.

நயினாருக்குப் பாளையங்கோட்டை ரோட்டில், கோர்ட்டுக்கு நேரெதிரே ஜெராக்ஸ் கடை. காலமெல்லாம் அடுத்தவர் காகிதங்களைப் பிரதி எடுத்துக்கொண்டிருந்த மனிதரை ஒருநாள் அரசாங்கம் பிரதி எடுத்தது.

“முன்னாடி எல்லாம் ரசாயனச் சோதனைதான் சார் பண்ணினோம்” என்று அன்று சால்வையோடு வந்த அதிகாரி விளக்கினார். “பட்டியல்ல இருக்கற விஷத்தைத்தான் மெஷின் தேடும். கலப்படம் பண்றவன் பட்டியல்ல இல்லாததாப் பாத்துக் கலக்கறான். நாம பட்டியலை நீட்டினா கோர்ட்டுக்குப் போறான். ஒரு லேப் ஆமாங்குது, இன்னொரு லேப் இல்லைங்குது. சரக்கு அழுகற வரைக்கும் வாய்தா. கடைசில, பட்டியலே வேண்டாம்னு முடிவு பண்ணிட்டாங்க. ஒரு மனுஷன் வயித்துலேர்ந்து துளி செல் எடுத்து, அதை ஒரு வயிறா வளர்ப்போம். திங்கப்போறது வயிறு, அதுவே சொல்லட்டும்.”

“அதுக்கு என் வயிறு எதுக்கு சார்? ஊர்ல நல்ல நல்ல வயிறெல்லாம் இருக்கே.”

“நல்ல வயிறு வேண்டாம் சார். சராசரி வயிறு வேணும். ஏகப்பட்ட பேரைச் சோதிச்சுப் பாத்தோம். எல்லா விதத்துலயும் நட்டநடுவுல நிக்கறது உங்க வயிறுதான்.”

“எங்க எட்டாங்கிளாஸ் வாத்தியாரும் இதையேதான் சொன்னாரு. அப்ப யாரும் சால்வை போர்த்தல.”

அதிகாரி அதோடு போயிருக்கலாம். நல்லெண்ணத்தில், நயினாரின் மனைவி கோமதியிடமும் நாலு வார்த்தை பாராட்டிவிட்டுப் போனார். “தயிர், கத்திரிக்காய், புரோட்டா, கோழிச் சால்னா, எல்லாத்துக்கும் பழகின அருமையான வயிறும்மா உங்க வீட்டுக்காரருக்கு.” அது வெங்காயத்தைக்கூட வெள்ளிக்கிழமை தள்ளி வைக்கிற சைவ வீடு. கோமு ஒரு வாரம் ரசம் மட்டும் வைத்தாள். தேசத்துக்காக நயினார் செய்த முதல் தியாகம் அதுதான்.

கொடுத்தவர் பெயரை ரகசியமாக வைத்திருப்போம் என்று அதிகாரி உறுதி சொல்லியிருந்தார். தூத்துக்குடியில் ஒரு ரகசியம் துறைமுகத்திலிருந்து புது பஸ் ஸ்டாண்டுக்குப் போய்ச்சேர, ஒரு டீ ஆறுகிற நேரம் போதும். தொட்டி வயிறு வேலையைத் தொடங்கிய மறுநாளே பட்டாணி இறக்குமதிக்காரர் ஒருவர் கடை வாசலில் நின்றார்.

“அண்ணாச்சி, நம்ம சரக்கு நாளைக்கு டெஸ்டுக்குப் போவுது. உங்க வயித்துக்கிட்ட ஒரு வார்த்த சொல்லி வைங்களேன்.”

நயினார் தன் தொப்பையைத் தட்டிக் காட்டினார். “கூடவே கெடக்க இதுவே நான் சொன்னா கேக்க மாட்டேங்கு. அது எங்க கேக்கப்போகுது?”

சரக்கு தேறினால் ஒரு கும்பிடு போட்டுவிட்டுப் போனார்கள். தேறாவிட்டால் சண்டைக்கு வந்தார்கள். “ஏம்வே என் பாமாயிலத் தள்ளுனீரு?” என்று கேட்டவரிடம், “மன்னிச்சுக்கிடும், அன்னைக்கு எனக்கு மனசு சரியில்ல” என்று சொல்லிப் பார்த்தார். அது வினையாகி, ‘மனச்சோர்வுள்ள வயிறு’ என்று ஒரு மனு தாக்கலானது. அதற்கும் பிரதிகள் அவர் கடையிலேயே எடுக்கப்பட்டன.

இப்படிப் போய்க்கொண்டிருந்த காலத்தில்தான் முத்து இபுறாகீமின் பேரீச்சம்பழம் வந்தது.

இபுறாகீம் காயல்பட்டினத்துக்காரர். நோன்பு மாதத்துக்காகக் கன்டெய்னர் நிறையப் பழம் தருவித்திருந்தார். தூத்துக்குடி வயிறு அதை வாங்கிக்கொண்ட சிறிது நேரத்தில் மொத்தமாகத் தள்ளிவிட்டது. மேல்முறையீட்டில் அதே பழம் சென்னைக்குப் போனது. சென்னை வயிறு தின்றுவிட்டுச் சத்தம் காட்டாமல் இருந்தது. இரண்டும் அரசாங்க வயிறு. இரண்டும் ஒரே மனிதனின் வயிறு. தூத்துக்குடி சொன்னதே செல்லும் என்றார் அரசு வக்கீல். சென்னை சொன்னதே செல்லும் என்றார் இபுறாகீமின் வக்கீல் மச்சாது. வாய்தா மேல் வாய்தாவாகப் போனது. குளிர்ப்பெட்டிக்குள் பழம் காத்திருந்தது. பிறை மட்டும் யாருக்கும் காத்திருப்பதாகத் தெரியவில்லை.

இபுறாகீமுக்கு வீட்டில் இருப்புக் கொள்ளவில்லை. கோர்ட்டிலும் கொள்ளவில்லை. அதனால் இரண்டுக்கும் நடுவில், நயினார் கடைப் பெஞ்சில் வந்து உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் உட்கார்ந்து நயினாரும் காலை ஆட்டினார். இருவர் ஆட்டத்திலும் பெஞ்சின் ஆணி ஒன்று கழன்று விழுந்தது. நயினார் கொஞ்ச நாளாகவே இப்படித்தான், ஓரிடத்தில் நிற்பதில்லை. குடத்துத் தண்ணீரைக் குடிப்பார், கடைக்குப் பின்னால் ஓடுவார், வந்து மறுபடியும் குடிப்பார்.

“என்ன வே, தாமிரபரணில வார தண்ணியெல்லாம் உமக்குத்தானா?” என்று கேட்டபடி கறுப்புக் கோட்டோடு உள்ளே நுழைந்தார் மச்சாது.

“டென்ஷன் வக்கீலய்யா. அவரு பழம், என் வயிறு. நான் எந்தப் பக்கம் சேர?”

“ஆர்டர் வந்துட்டு.”

இபுறாகீம் எழுந்தேவிட்டார். “தள்ளிட்டாகளா, ஏத்துக்கிட்டாகளா?”

“ரெண்டும் இல்ல. ஆர்டரு நயினாருக்கு.” மச்சாது பெஞ்சில் உட்கார்ந்து, அது ஆடியதும் திரும்ப எழுந்தார். “வே நயினாரு, நீரு எத்தன காலமா கோர்ட்டு வாசல்ல கெடக்கீரு. ஒரே பத்திரத்தோட ரெண்டு நகல் ஒண்ணுக்கொண்ணு ஒத்துப்போகலன்னா ஜட்ஜு என்ன செய்வாக?”

உறக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் நயினாருக்குத் தெரிந்த பதில். “ஒரிஜினலக் கொண்டான்னு சொல்லுவாக.”

“சொல்லிட்டாக.”

கடைக்குள் ஜெராக்ஸ் மெஷின் மட்டும் சூடாக மூச்சு விட்டுக்கொண்டிருந்தது.

“திங்கக்கிழமை தீர்ப்பாயத்துல வச்சு நீரு அந்தப் பழத்தத் திங்கணும். வெறும் வயித்தோட வரணும். டாக்டரு பக்கத்துலயே இருப்பாரு.”

“பழத்துல விஷம் இருந்தா?”

“அதுக்குத்தான வே டாக்டரு.”

இபுறாகீம் நயினாரின் கையைப் பிடித்துக்கொண்டார். “அண்ணாச்சி, சத்தியமாச் சொல்லுதேன், நானே தின்னு பாத்துட்டேன். ஒண்ணும் செய்யாது. இந்தச் சரக்கு மண்ணுக்குள்ள போச்சுன்னா நானும் கூடவே போவ வேண்டியதுதான்.”

“பதறாதீங்க. நானும் கல்யாண வீட்டுல ஓசிப் பழம் திங்காதவனா?” என்றார் நயினார். பிறகு மச்சாதுவிடம் கேட்டார். “நான் தின்னு ஏத்துக்கிட்டா, நம்ம ஊரு வயிறு?”

“பொய் சொன்ன கருவின்னு ஆயிரும். பழுதான வயித்த எரிச்சிரணும்னு விதி இருக்கு.”

“தள்ளிட்டேன்னா?”

“சென்னைல உள்ளத எரிப்பாக. இவரு பழத்தயும் பொதைப்பாக. எப்படியும் உம்ம வயித்துல ஒண்ணு காலி.”

அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போனபோது கோமு வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். நயினார் நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னார். விஷம் என்ற இடத்தில் அவள் ‘ம்’ கொட்டினாள். டாக்டர் என்ற இடத்திலும் ‘ம்’ கொட்டினாள். எரிப்பு என்ற இடத்தில் அரிவாள்மணையை விட்டுக் கையை எடுத்துவிட்டாள்.

“எத எரிப்பாங்க?”

“நம்ம ஊரு வயித்தத்தான்.”

“எரிக்கதுக்கு அது என்ன குப்பையா?” அவள் எழுந்து மாடிப்படிக்குப் போய்க் குரல் கொடுத்தாள். “ஏட்டி ஜெயசீலி! கீழ வா.”

ஜெயசீலி நாகர்கோவில் பக்கத்துப் பெண். துறைமுகச் சோதனைச்சாலையில் வேலை. மாடியில் வாடகைக்கு இருந்தாள். பேருக்குத்தான் மாடி, சாப்பாடெல்லாம் கோமுவின் அடுப்படியில். அவள் இறங்கி வந்து இருவர் முகத்தையும் பார்த்தாள். பார்த்த உடனே அழ ஆரம்பித்தாள்.

“இன்னும் நான் ஒண்ணுமே சொல்லலியேட்டி” என்றாள் கோமு.

நயினாருக்கு ஏதோ பிடிபட்டது. “ரெண்டு பேருமாச் சேந்து என்னத்தச் செஞ்சீய?”

“அன்னைக்கு நம்ம கல்யாண நாளு” என்று தொடங்கினாள் கோமு. “மறுவீட்டுல உங்களுக்கு எங்க அம்மை வச்ச சொதி மாதிரி வச்சேன். ஒரு மணிக்கு வாரேன்னிய. ரெண்டாச்சு, மூணாச்சு.”

“அன்னைக்கு அப்பீலுக்குக் கடைசி நாளு கோமு. வக்கீலுவ வாசல் வரைக்கும் வரிசைல நின்னாக.”

“என்னைக்கு நிக்கல? இவ சாப்புட வந்தா. அங்க தொட்டிக்குள்ள கெடக்கவுகளுக்கு என்னட்டி குடுப்பீயன்னு சும்மா ஒரு பேச்சுக்குக் கேட்டேன். குழாய்ல மருந்துத் தண்ணிதான்னா. ஒரு மணியானா அது கெடந்து உறுமும்னா. ஒரு மணிக்கு! உங்க வயித்து மேல ஒரு குத்தமும் இல்ல. அது நேரத்துக்குத்தான் பசிக்கு. நீங்கதான் வாரதில்ல.” கோமு மூக்கை உறிஞ்சினாள். “வராத மனுசனுக்கு வச்சத, காத்துக்கெடந்த வயித்துக்குக் குடுத்துவிட்டேன். தப்பா?”

“அன்னைக்கு டெஸ்ட் இருக்குன்னு எனக்குத் தெரியாது அண்ணாச்சி” என்றாள் ஜெயசீலி. “உறுமுனா ‘சுவர் அசைவு’ன்னு எழுதச் சொல்லுவாவ. தினமும் எழுதி எழுதி எனக்கே மனசு கேக்கல. டூட்டி முடியப்போற நேரம், ஊத்திட்டு வந்துட்டேன். அடுத்த ஷிப்டு ஆளு வந்து பேரீச்சம்பழத்தப் போட்டுட்டாரு.”

நயினார் தலையில் கை வைத்தார். பிறகு சந்தேகம் வந்து கையை எடுத்தார். “சொதி சரி. கூட இஞ்சித் துவையல் குடுத்தீயா?”

ஜெயசீலி கண்ணைத் துடைத்தாள். “அக்கா குடுத்துதான் விட்டாவ. காரமா இருக்கே, பச்ச வயித்துக்கு ஆகாதுன்னு நான்தான் எடுத்து வச்சுட்டேன்.”

“இஞ்சியில்லாமயாட்டி சொதியக் குடுத்த?” என்று கோமு நெஞ்சில் கை வைத்தாள். அரசாங்கச் சாட்சியத்தில் கை வைத்தது, விதியை மீறியது எல்லாம் அவளுக்கு இரண்டாம் பட்சம். சொதி என்பது முழுக்க முழுக்கத் தேங்காய்ப்பால். இஞ்சித் துவையல் தொட்டுக்கொள்ளாமல் அதை உண்டவன் பொழுது சாய்கிற வரை நெஞ்சைத் தடவிக்கொண்டு திரிவான். அதற்கு மேல் பேரீச்சம்பழமும் போட்டால் எந்த வயிறுதான் தாங்கும்?

ஆக, பழத்தில் குற்றம் இல்லை. வயிற்றிலும் குற்றம் இல்லை. இதைச் சொன்னால் பழம் பிழைக்கும், வயிறு பிழைக்கும். ஜெயசீலிக்கு வேலை போகும், சாட்சியத்தைக் கலைத்ததற்குக் கோமு கூண்டில் நிற்பாள். சொல்லாமல் பேசாமல் பழத்தைத் தின்றால் பழம் பிழைக்கும், வயிறு எரியும். திங்கட்கிழமை வரை இருந்த இரண்டு நாளும் நயினார் வீட்டுக்கும் வாசலுக்கும் நடந்தார். எந்தப் பக்கம் நடந்தாலும் யாராவது ஒருவர் குறுக்கே நின்றார்கள்.

“அது போனாப் போகட்டும்னு சொல்லேன்” என்று ஒருமுறை கோமுவிடமே கேட்டுப் பார்த்தார். “என் வயிறு என்கிட்டதான இருக்கு.”

“இருக்கு” என்றாள் அவள். “அதுவும் நீங்கதான.”

திங்கட்கிழமை காலை அவரை வெறும் வயிற்றோடு வெளியே அனுப்ப அவளுக்கு மனம் வரவில்லை. வாசற்படியில் வழியை மறித்து நின்றாள். கடைசியில், ஒரு சின்ன டப்பாவை அவர் சட்டைப் பையில் திணித்தாள். திறந்து பார்க்காமலே வாசனை சொன்னது: இஞ்சித் துவையல்.

தீர்ப்பாயத்தில் நிற்க இடமில்லை. பட்டாணிக்காரர், பாமாயில்காரர் எல்லோரும் வந்திருந்தார்கள். நீதிபதி வேதவல்லி கண்ணாடியை இறக்கி நயினாரைப் பார்த்தார். “நீங்கதான் மூலமா?”

“ஆமாம்மா. கொஞ்சம் கசங்கியிருக்கேன்.”

தட்டு வந்தது. பழம் கறுப்பாக, பளபளவென்று இருந்தது. டாக்டர் நாடியைப் பிடித்துக்கொண்டார். நயினார் முதல் பழத்தை எடுத்தபோது மின்விசிறிச் சத்தம்கூடப் பெரிதாகக் கேட்டது. தின்றார். நன்றாக இருந்தது. இன்னொன்று தின்றார். அதுவும் நன்றாக இருந்தது. கூட்டம் முழுவதும் அவர் வயிற்றையே பார்த்தது. கல்யாணத்தன்றுகூட யாரும் அவரை இவ்வளவு கவனித்ததில்லை. கொட்டையைத் துப்ப இடம் தெரியாமல் கையில் வைத்துக்கொண்டார்.

பிறகு காத்திருந்தார்கள். இபுறாகீம் தஸ்பீஹ் மணியை உருட்டினார். அரசு வக்கீல் பேனா மூடியைத் திருகித் திருகித் திறந்தார். பின்வரிசையில் கோமு முந்தானை நுனியை முறுக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் ஜெயசீலி பேயறைந்தவள் மாதிரி இருந்தாள். நயினாரின் கால் மேஜையோடு சேர்ந்து ஆடியது. திடீரென்று அவர் வயிற்றிலிருந்து ஒரு நீண்ட உறுமல் கிளம்பியது. டாக்டர் துள்ளி எழுந்தார். இபுறாகீம் கண்ணை மூடிக்கொண்டார்.

“என்ன செய்யுது?” என்று நீதிபதி பதறினார்.

“பசிக்கும்மா” என்றார் நயினார். “மணி ஒண்ணாச்சா?”

சுவர்க் கடிகாரத்தில் ஒன்றாகியிருந்தது.

அதற்கு மேலும் காத்திருந்து பார்த்தார்கள். தள்ளவில்லை. டாக்டர் ரத்தம் எடுத்துச் சோதித்து, மூலவர் பழத்தை ஏற்றுக்கொண்டார் என்று அறிவித்தார். இபுறாகீம் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். அரசு வக்கீல் அதே மூச்சில் எழுந்தார்.

“அப்படியானால் தூத்துக்குடி வயிறு பழுது. விதிப்படி அதை இன்றே எரிக்க உத்தரவிட வேண்டும்.”

நயினார் திரும்பிப் பார்த்தார். கோமு அவரைப் பார்க்கவில்லை. குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மூன்று மணி வரை சாப்பாட்டுக்குக் காத்திருந்து அலுத்தவள் இப்படித்தான் உட்கார்ந்திருப்பாள் என்று அவருக்கு அப்போது தோன்றியது. அவள் அப்படி உட்கார்ந்திருந்து அவர் பார்த்ததில்லை. அந்த நேரத்தில் அவர் வீட்டில் இருந்ததே இல்லை.

“அம்மா, ஒரு வார்த்த” என்று எழுந்தார். “அது பழுது இல்ல. அன்னைக்கு அது சாப்பிட்டிருந்திச்சு.”

“என்ன சாப்பிட்டது?”

“சொதி.”

கூடம் கொல்லென்று சிரித்தது. அரசு வக்கீல் மேஜையைத் தட்டினார். “இது சாட்சியத்தைக் கலைத்த குற்றம்! யார் கொடுத்தது?”

“வயிறு என்னோடது. சொதி என் வீட்டுது. எனக்கு வச்சது, என் வயித்துக்குள்ள போச்சு. இதுல மூணாவது ஆளு எங்கய்யா வாராக?”

நீதிபதி பின்வரிசையை ஒருமுறை பார்த்தார். அங்கே ஒரு பெண் முந்தானையை முறுக்குவதையும், இன்னொரு பெண் மூச்சைப் பிடித்திருப்பதையும் பார்த்தார். பார்க்காதது மாதிரி பார்வையைத் திருப்பிக்கொண்டார்.

“அது அரசாங்கச் சொத்து” என்றார் அரசு வக்கீல். “இவர் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டார்.”

மச்சாதுவுக்கு இது எதுவுமே முன்பு தெரியாது. ஆனால் வாய்ப்பு வந்தால் விடுகிறவர் அல்ல. “வளர்ப்பதற்குத் துளி செல்லைத்தான் கொடுத்தார். ஒருவர் தன் வீட்டுச் சாப்பாட்டைச் சாப்பிடக் கூடாது என்று எந்தப் பிரிவு சொல்கிறது?”

“அதற்குப் பசியே கிடையாது! அது வெறும் சுவர் அசைவு!”

“தினமும் சரியா ஒரு மணிக்கா?” என்று சோதனைச்சாலைக் குறிப்பேட்டைப் புரட்டியபடி கேட்டார் நீதிபதி.

அரசு வக்கீல் கடிகாரத்தைப் பார்த்தார். நயினாரின் வயிற்றைப் பார்த்தார்.

“நகல் அரசாங்கத்துடையது, ஒத்துக்கறேன்” என்று நீதிபதி மெதுவாகச் சொன்னார். “மூலம் இவருடையது. பசி யாருடையது? இவருடையதுன்னா, இத்தனை வருஷமா நாம ஒரு மனுஷனைப் பட்டினி போட்டிருக்கோம். இல்லைன்னா, யாரோ ஒரு பாத்திரத்துல குழம்பு ஊத்தியிருக்காங்க. எதுன்னு சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. பெரிய அமர்வுக்கு அனுப்பறேன்.”

மறுநாள் இரு தரப்பும் பார்த்திருக்க, தூத்துக்குடி வயிற்றுக்கு வெறும் வயிற்றில் அதே பழம் கொடுக்கப்பட்டது. தின்றது, இருந்தது. பழத்தைச் சத்தமில்லாமல் விடுவித்தார்கள். கன்டெய்னர் காயல்பட்டினம் போய்ச்சேர்ந்த மறுநாள் பிறை தெரிந்தது.

வயிற்றை என்ன செய்வது என்பதுதான் மிச்சம். பழுது இல்லையென்பதால் எரிக்க முடியாது. வீட்டுச் சாப்பாட்டு ருசி கண்டுவிட்டதால் சோதனைக்கும் வைக்க முடியாது. யாருக்குச் சொந்தம் என்ற வழக்கு முடிய எந்தக் காலமோ. மணல் லாரியைப் பிடித்தால் வழக்கு முடியும்வரை உரிமையாளரிடம் ஒப்படைப்பதில்லையா என்று மச்சாது கேட்டார். அப்படியே உத்தரவானது: வழக்குச் சொத்தை உருமாற்றம் செய்யாமல், பராமரித்து, அழைக்கும்போது கொண்டுவர வேண்டும்.

கையெழுத்துப் போட்டுவிட்டுத் திரும்பிய நயினாரை டாக்டர் வராந்தாவில் நிறுத்தினார். “பழத்துல விஷம் இல்ல. ஆனா அன்னைக்கு எடுத்த ரத்தத்துல சர்க்கரை ஏகத்துக்கு இருக்கு. ரொம்ப நாளா இருந்திருக்கும். தாகம், அடிக்கடி ஒண்ணுக்கு, எதுவும் கவனிக்கலியா?”

“டென்ஷன்னு நினைச்சேன்.”

பக்கத்தில் போய்க்கொண்டிருந்த அரசு வக்கீலுக்குக் காது நீளம். ஓடி வந்தார். “அப்ப மூலமே சராசரி இல்லையே! மொத்தச் சட்டமும் அடிபடுமே!”

“இந்த ஊர்ல, இந்த வயசுல இதுதான் சார் சராசரி” என்றார் டாக்டர்.

தொட்டியைச் சாமான் வண்டியில் ஏற்றி வந்து, ஃபிரிட்ஜுக்குப் பக்கத்தில் வைத்தார்கள். ஜெயசீலி குழாய்களைப் பொருத்தி, சூடு பார்த்து, எப்படிக் கவனிக்க வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தாள். கோமு தொட்டியைச் சுற்றிச் சுற்றி வந்தாள். உள்ளே இருந்தது ரோஜா நிறத்தில், நயினாரைவிட இளமையாக இருந்தது.

“இது எத்தன வருசம்ட்டி இருக்கும்?” என்று கேட்டாள்.

“நல்லாப் பாத்துக்கிட்டா நாப்பது அம்பது வருசம் இருக்கும்க்கா.”

கோமு நயினாரைப் பார்த்தாள். அவர் அப்போதுதான் பாகற்காய்ச் சாற்றைக் குடித்துவிட்டு முகத்தைச் சுளித்துக்கொண்டிருந்தார். அவள் அடுப்படிக்குப் போனாள். உள்ளே பாத்திரங்களின் சத்தம் வழக்கத்தைவிடக் கூடுதலாகக் கேட்டது.

இபுறாகீம் ஒரு பெட்டி பழத்தோடு வந்தார். நயினார் தொடக் கூடாது. அதனால் கோமு ஒரு பழத்தைக் கொட்டை நீக்கி, பிசைந்து, தொட்டிக்குள் விட்டாள். அது மெல்லச் சுருங்கி வாங்கிக்கொண்டது. மூலவர் நின்று பார்த்தார்.

“எப்படி இருக்கு அண்ணாச்சி பழம்?” என்று இபுறாகீம் கேட்டுவிட்டு, யாரிடம் கேட்டோம் என்று தெரியாமல் விழித்தார்.

“அருமையா இருக்காம்” என்றார் நயினார்.

இப்போதெல்லாம் பாளையங்கோட்டை ரோட்டில் ஒரு விசித்திரம் நடக்கிறது. அப்பீலுக்குக் கடைசி நாளாக இருக்கட்டும், வக்கீல்கள் வாசல் வரை வரிசையில் நிற்கட்டும், ஒரு மணி நெருங்கும்போது நயினாருக்கு இருப்புக் கொள்வதில்லை. மெஷினை அணைத்து, ஷட்டரைப் பாதி இறக்கிவிடுகிறார். மச்சாது கத்துகிறார். “வே, ஒரு ரெண்டு பக்கம்தான்! அப்படி என்ன வே அவசரம்?”

“வீட்டுல நான் காத்துக்கிட்டிருக்கேன்” என்று சொல்லிவிட்டு நயினார் சைக்கிளை மிதிக்கிறார்.